வியாழக்கிழமைத் தலைவலி

1882 மார்ச் 9, வியாழன்

மழை. காலையில் நோயாளிகள், மதியம் நகரசபை. மேயர் ஆகி நாலு மாதம் முடிந்துவிட்டது. இன்னும் வியாழக்கிழமைகளில் மட்டும் வீட்டு முன்னறையில் உட்கார்ந்து நாக்கை நீட்டச் சொல்லிக்கொண்டிருக்கிறேன். அதையும் விட்டால் கேல்டன் ஊரில் யாரும் என்னிடம் சாக்கடையைத் தவிர வேறு எதையும் பேச மாட்டார்கள்.

மிஸ் கெசாயா ஆர்கட் வழக்கம்போல வந்தார். முப்பது வருஷமாக அதே தலைவலி. எந்தப் பக்கம் என்றால் "அதே பக்கம்தான் டாக்டர்" என்பார். நானும் அதே பொடியைக் கொடுப்பேன், முக்கால்வாசி சர்க்கரை. கண்ணாடி அலமாரிக்கு எதிரே இருக்கும் நாற்காலியில் அரைமணி நேரம் உட்கார்ந்துவிட்டுப் போவார். "அந்தம்மாவுக்குத் தலைவலியும் இல்லை, ஒண்ணும் இல்லை. உங்க மேல ஒரு கண்ணு" என்று அல்மைரா கேலி செய்வாள். ஐம்பத்து நாலு வயதில் மனைவி வாயால் இப்படிக் கேட்பது எனக்குப் பிடிக்காமல் இல்லை.

மதியம் ஜெயித்துவிட்டோம். ஐந்துக்கு நாலு. ஆற்றோரத்துப் பழைய கல்லறைத் தோட்டத்தை முழுவதுமாகக் குன்றின் மேலே மாற்றப் போகிறோம். அதன் காலடியில்தான் கீழ்த்தெருக் கிணறுகள் இருக்கின்றன. போன ஆகஸ்டில் அந்தத் தண்ணீரைக் குடித்துப் பதினோரு குழந்தைகள் டைஃபாய்டில் போயின. பதினோரு பேருக்கும் கண்ணை மூடிவிட்டவன் நான். அதற்காகத்தான் தேர்தலில் நின்றேன். எதிர்த்து ஓட்டுப் போட்ட ஹோட்டல்காரர் ஹில்லியர் வெளியே போகும்போது, "செத்தவங்களை எழுப்பி ஓட்டு வாங்கின மேயர் நீங்க ஒருத்தர்தான் டாக்டர்" என்றார். சிரித்தேன்.

சாயங்காலம் கல்லறைப் பட்டியலைக் கொண்டுவந்து வைத்தார்கள். பதினாலு வரிசை, நானூற்றுச் சொச்சம் பெயர்கள். ஒன்பதாம் வரிசையில்: ஈனக் ஆர்கட், வயது 20, பிப்ரவரி 1849.

ஆகஸ்டிலிருந்து கிணறு, கிணறு என்று மட்டும் பேசிக்கொண்டிருந்தேன். இது எப்படி என் புத்தியில் ஏறவில்லை?

மார்ச் 11, சனி

பட்டியலை மூன்று முறை படித்தேன். பெயர் அங்கேயேதான் இருக்கிறது.

மார்ச் 13, திங்கள்

இதை இதுவரை எங்கும் எழுதியதில்லை. அல்மைராவுக்குத் தெரியாது.

1849. எனக்கு இருபத்தொரு வயது. டாக்டர் டாலண்டிடம் தொழில் கற்றுக்கொண்டிருந்தேன். அறுத்துப் பார்க்காமல் வைத்தியம் கற்க முடியாது. அறுப்பதற்கு உடலைத் தருகிறவர் எவரும் இல்லை. அந்தப் பிப்ரவரியில் ஈனக் ஆர்கட் சளிக்காய்ச்சலில் போனான். ஆற்றில் மரத்தெப்பம் ஓட்டுகிறவன், நல்ல உயரம். புதைத்த மூன்றாம் நாள் இரவு நாங்கள் இரண்டு பேரும் போனோம்.

குழி முழுவதையும் தோண்ட வேண்டியதில்லை. தலைமாட்டில் மட்டும் தோண்டி, மூடியின் மேல்பாதியை உடைத்து, அக்குளில் கயிற்றைக் கொடுத்து இழுத்தால் வந்துவிடும். அதற்குப் பிறகுதான் முக்கியமான வேலை. உடுப்புகளை எல்லாம் கழற்றித் திரும்பப் பெட்டிக்குள் போட்டுவிட வேண்டும். "உடம்பு யாருக்கும் சொத்து இல்லப்பா. சட்டை சொத்து. சட்டையை எடுத்தா நாம திருடன்" என்பார் டாலண்ட். இந்தத் தொழிலில் எல்லோரும் அப்படித்தான் செய்தார்கள். திருடனாகிவிடக் கூடாதே என்று அவன் சட்டைக்குப் பொத்தான் எல்லாம் போட்டு, கைகளைப் பின்னால் மடக்கி, ஒழுங்காக மடித்து வைத்தேன்.

மண்மேட்டின் மேல் ஏழு ஆற்றுச் சிப்பிகளைப் பிறைபோல் வளைத்து வைத்திருந்தார்கள். அந்த நாளில் இழவு வீட்டார் இப்படி ஏதாவது அடையாளம் வைப்பதுண்டு. யாராவது கைவைத்தால் கலைந்துவிடும், தெரிந்துவிடும். நான் சிப்பிகளைத் தொப்பியில் பொறுக்கி வைத்துக்கொண்டு, எல்லாம் முடிந்ததும் லாந்தர் வெளிச்சத்தில் அப்படியே திரும்ப அடுக்கினேன். டாலண்ட் முதுகில் தட்டிக்கொடுத்தார். வீடு வரைக்கும் பெருமையாக இருந்தது, கடவுளே.

எலும்புகளை டாலண்ட் தாமிரக் கம்பியில் கோத்தார். சாகும்போது எனக்கு விட்டுப்போனார். என் கண்ணாடி அலமாரியில் நிற்பது அதுதான். பல் பிடுங்க வரும் பிள்ளைகள் அதை நெட்டை மாமா என்று கூப்பிடுகின்றன. பிலடெல்பியாவில் வாங்கியது என்று கேட்டவர்களுக்கெல்லாம் சொல்லிச் சொல்லி, எனக்கே அது உண்மைபோல் ஆகிவிட்டது.

ஒன்பதாம் வரிசையைத் திறந்தால் பெட்டிக்குள் சட்டை மட்டும் இருக்கும்.

மார்ச் 20, திங்கள்

தோண்டுவது தொடங்கியது. கல்லறைத் தோட்டத்தை நாற்பது வருஷமாகப் பார்த்துக்கொள்ளும் ஜூபல் கிரேனும் அவர் ஆட்கள் நாலு பேரும். மேட்டிலிருக்கும் முதல் வரிசையிலிருந்து கீழே இறங்கி வருகிறார்கள். ஜூபல் ஒவ்வொரு பெட்டியிடமும் பேசிக்கொண்டே தோண்டுகிறார். "எழுந்திரு தாயி, மேயர் வீடு மாத்தச் சொல்லிட்டார்."

வீட்டுக்கு வந்து அலமாரியைத் திறந்தேன். அதன் சாவி என் கடிகாரச் சங்கிலியில்தான் தொங்குகிறது, யாரிடமும் கொடுப்பதில்லை. ஈனக்கின் கால் எலும்புகளுக்குக் கீழே பலகையில் ஓர் ஆற்றுச் சிப்பி.

ஏதோ பிள்ளை போட்டிருக்கும் என்று எழுத நினைத்தேன். பூட்டிய அலமாரிக்குள் எந்தப் பிள்ளை போடும்?

மார்ச் 23, வியாழன்

மிஸ் ஆர்கட் வந்தார். பொடியை வாங்கிக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டு, "ஒன்பதாம் வரிசை எப்ப டாக்டர்?" என்று கேட்டார்.

"ஏப்ரல் நடுவில இருக்கும். ஏன்?"

"எங்கம்மா அதுலதான் இருக்காங்க. பக்கத்துல தம்பி. நான் கூட இருக்கணும்."

"பார்க்கிற மாதிரி இருக்காது மிஸ் ஆர்கட். வேண்டாமே."

"நான் பார்க்காததா" என்று சொல்லிவிட்டு வழக்கம்போல அரைமணி நேரம் உட்கார்ந்திருந்தார். ஈனக் இவருடைய தம்பி என்பது இத்தனை வருஷமும் எனக்குத் தெரியாதா என்ன? தெரியும். அவன் எலும்புக்கு முன்னால் இவரை உட்காரவைத்து நாடி பார்த்திருக்கிறேன். முதல் ஒரு வருஷம் கை நடுங்கியது. அதன் பிறகு நடுங்கவில்லை. அதுதான் இப்போது என்னைப் பயமுறுத்துகிறது.

மார்ச் 28, செவ்வாய்

இப்போது மூன்று சிப்பிகள். இடப்பக்கத்திலிருந்து ஒரு வளைவு தொடங்கியிருக்கிறது.

ஜூபல் மூன்றாம் வரிசையில் இருக்கிறார்.

ஏப்ரல் 2, ஞாயிறு

தேவாலயத்தில் ஒரு வார்த்தையும் காதில் விழவில்லை. இரண்டே வழிதான். எட்டாம் வரிசையோடு வேலையை நிறுத்திவிட்டால் ஹில்லியர் எனக்கு விருந்தே வைப்பார். ஆனால் கிணற்றுக்குப் பக்கத்தில் இருப்பவை கடைசி வரிசைகள்தான், ஆகஸ்டில் மறுபடி பிள்ளைகள் சாகும். அல்லது அவனை முன்கூட்டியே அவன் பெட்டிக்குள் கொண்டுபோய் வைத்துவிட வேண்டும்.

வெளியே ஜூபலைப் பிடித்தேன். "ஒன்பதாம் வரிசைப் பெட்டிகளைத் திறக்காம அப்படியே தூக்கிட முடியுமா ஜூபல்?"

"தூக்கலாம் டாக்டரய்யா. மூடி மட்டும் கையில வரும். எல்லாம் மக்கிப்போய்க் கிடக்கு. ஒவ்வொரு எலும்பா பொறுக்கித்தான் புதுப்பெட்டியில போடறோம்." என் முகத்தைப் பார்த்துவிட்டு, "உங்களுக்கு உடம்பு சரியில்லையா? ஒரு டாக்டரைப் பாருங்களேன்" என்றார்.

ஏப்ரல் 6, வியாழன்

மிஸ் ஆர்கட் வரவில்லை. முப்பது வருஷத்தில் இதுதான் முதல் தடவை. பனி முழங்கால் அளவு கிடந்தபோதுகூட வந்தவர்.

அலமாரியில் ஐந்து சிப்பிகள். மண்டையோடு எப்போதும் ஜன்னலைப் பார்த்திருக்கும். இன்று அந்த நாற்காலியைப் பார்த்துத் திரும்பியிருக்கிறது. கம்பி தளர்ந்திருக்கும். திருப்பி வைத்தேன். கைகழுவிவிட்டு வந்து பார்த்தேன் — மறுபடி நாற்காலியைத்தான் பார்க்கிறது. கம்பிதான். கம்பியாகத்தான் இருக்க வேண்டும்.

நான் படித்தவன். ஆவி, பிசாசு என்று வந்தவர்களுக்கெல்லாம் பேதி மருந்து கொடுத்து அனுப்பியவன். இப்போது என் வீட்டு முன்னறைக்குள் தனியாகப் போகப் பயமா இருக்கு. யார்கிட்ட சொல்றது?

ஏப்ரல் 10, திங்கள்

அல்மைரா தூங்கிய பிறகு எழுதுகிறேன்.

தோட்டத்து ஆட்கள் மதியச் சாப்பாட்டுக்குப் போகும் ஒரு மணிநேரம் போதும் என்று கணக்குப் போட்டேன். கம்பிகளை வெட்டி, அவனைக் கழற்றி, என் பெரிய பயணப்பையில் அடுக்கினேன். இடது முன்கை எலும்பு ஓரிடத்தில் உடைந்து கோணலாகக் கூடியிருக்கும். அது மட்டும் எந்தப் பக்கம் வைத்தாலும் துணியில் குத்திக்கொண்டு நின்றது. ஜூபல் ஆறாம் வரிசையில்தான் இருப்பார் என்று நம்பிப் போனேன்.

போனால் அங்கே கூட்டம். இரவில் ஆறு ஏறிக் கீழ்வரிசைகளில் தண்ணீர் ஊறத் தொடங்கியதாம். அதனால் ஜூபல் வரிசையாக வருவதை விட்டுவிட்டு, ஈரம் ஏறுவதற்குள் எடுத்துவிட, காலையில் நேரே ஒன்பதாம் வரிசைக்கு வந்திருக்கிறார். ஒன்பதாம் வரிசை திறந்து கிடந்தது. திருமதி ஆர்கட்டைப் புதுப்பெட்டியில் வைத்துவிட்டார்கள். பக்கத்துக் குழியில் ஜூபல் இடுப்பளவு நின்றிருந்தார். பெட்டியின் மூடி மேல்பாதியில் மட்டும் உடைந்திருந்தது. உள்ளே ஒரு எலும்புகூட இல்லை. நெஞ்சு இருக்க வேண்டிய இடத்தில், மடித்த சட்டை. களிமண் அதை அப்படியே பிடித்து வைத்திருந்தது. சட்டைக் கைகள் பின்னால் மடங்கி இருந்தன. பொத்தான்கள் வரிசையாகப் போட்டிருந்தன.

நான் ஈனக்கைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றேன். பை கனத்தது.

மிஸ் ஆர்கட் குழியின் மறுபக்கம் நின்றிருந்தார். சட்டையைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். பிறகு வெகுநேரம் பையைப் பார்த்தார்.

பேசியது ஹில்லியர்தான். "நாற்பது வருஷமா இந்த இடத்துக்குச் சாவி யார்கிட்ட இருக்கு?" என்றார். எல்லோரும் ஜூபலைத் திரும்பிப் பார்த்தார்கள்.

நான் பையோடு வீட்டுக்கு வந்துவிட்டேன். ஆமாம். வந்துவிட்டேன்.

ஏப்ரல் 11, செவ்வாய்

ஜூபல் வீட்டு ஜன்னல்கள் எல்லாம் உடைந்துவிட்டன. அவர் மனைவிக்கு நெற்றியில் கண்ணாடி கிழித்துவிட்டது. நானே போய்த் தையல் போட்டேன். மூன்று தையல். அந்தம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீங்க வந்தீங்களே, அதுவே போதும்" என்றார்.

ஜூபல் வாசல்வரை வந்தார். "நான் எடுத்து வித்திருந்தா சட்டையை விட்டுவெச்சிருப்பேனா டாக்டரய்யா? நல்ல கம்பளிச் சட்டை. என்னை மாதிரி ஆளு முதல்ல சட்டையைத்தான் எடுப்பான். அதை மடிச்சு வெச்சிட்டுப் போயிருக்கான் பாருங்க, அவன் படிச்சவன்."

அவர் என்னைச் சந்தேகப்பட்டுச் சொல்லவில்லை. என்னிடம் நியாயம் கேட்டார், அவ்வளவுதான்.

ஏப்ரல் 13, வியாழன்

மிஸ் ஆர்கட் வந்தார். முன்னறையில் தன் நாற்காலியில் உட்கார்ந்தார். அலமாரி காலி, அவனைப் பையிலிருந்து வெளியே எடுக்க எனக்குத் தைரியம் வரவில்லை. தலைவலி எந்தப் பக்கம் என்று கேட்க வாயெடுத்தேன்.

"எனக்குத் தலைவலியே வந்ததில்லை டாக்டர்" என்றார்.

எழுந்து வந்து அலமாரிக் கதவைப் பிடித்து இழுத்தார். நான் காலையில் பூட்டிய கதவு. திறந்துகொண்டது. "இந்தப் பூட்டு போய் இருபது வருஷம் ஆகுது. நீங்க சாவியை மட்டும் திருப்பிட்டுப் போறீங்க. நீங்க நகரசபையில இருக்கிற நேரம் உங்க வீட்டம்மா என்னை இங்க உட்காரச் சொல்வாங்க. அவன் மேல தூசி படியும், துடைச்சு விடுவேன்."

காலடிப் பலகையில் ஆறு சிப்பிகள் பிறைபோல் வளைந்திருந்தன.

"நீங்களா வெச்சீங்க?"

"நான்தான். அவனைப் புதைச்ச அன்னிக்கு ஏழு வெச்சேன். நாலாம் நாள் காலையில போனா ஆறுதான் இருந்துச்சு. அப்பவே தெரியும், யாரோ எடுத்துட்டுத் திருப்பி வெச்சிருக்காங்கன்னு. யாருன்னுதான் தெரியலை."

ஏழையும் வைத்தேன் என்று முப்பத்து மூன்று வருஷம் நினைத்துக்கொண்டிருக்கிறேன். இன்றைக்குத்தான் ஞாபகம் வந்தது. உடலைத் தூக்கிக்கொண்டு போகும்போது பூட்ஸுக்கு அடியில் ஏதோ நொறுங்கியது. கல் என்று நினைத்தேன்.

"மூணு வருஷம் கழிச்சு ஒருநாள் பல்வலின்னு இங்க வந்தேன், அலமாரியைப் பார்த்தேன். சின்ன வயசுல வைக்கோல் பரண்லேர்ந்து அவனைத் தள்ளிவிட்டவ நான். அவனுக்கு ஏழு வயசு. கை அப்படித்தான் கோணலா கூடுச்சு. அந்தக் கையை எனக்குத் தெரியாதா?"

ஏன் அன்றைக்கே கூப்பாடு போடவில்லை என்று கேட்டேன்.

"அம்மா இருந்தாங்க. கேட்டா அன்னிக்கே செத்திருப்பாங்க. அப்புறம் அவங்களும் போயிட்டாங்க. உங்களை விட்டா ஊர்ல வேற டாக்டர் இல்லை. அதுவும் இல்லாம..." காலி அலமாரியின் பலகையை விரலால் துடைத்தார். "அவனுக்குக் குளிர் ஆகாது. தனியா இருக்கவும் ஆகாது. இங்க அடுப்பு எரியுது, பிள்ளைங்க வருது. வாரம் ஒருதடவை நானும் பார்க்கலாம். எடுத்துட்டுப்போய் அந்தச் சேத்துல போடணுமான்னு நினைச்சேன்."

கண்ணைத் துடைக்கவில்லை, அழவும் இல்லை. அழுதது நான்.

"அம்மா குன்று மேல போறாங்க. அவன் கூடப் போகட்டும். நீங்க யார்கிட்டயும் எதுவும் சொல்ல வேண்டாம், பையைக் கொடுங்க போதும். ஜூபல் விஷயம் உங்க பாடு." வாசலில் நின்று திரும்பினார். "போன வாரம் நான் வரலைன்னு அவன் தேடினானா?"

பையை எடுத்து அவர் கையில் கொடுத்தேன். அவர் வரவில்லை என்றால் அன்றைக்கு மண்டையோட்டைத் திருப்பியது யார்?

ஏப்ரல் 14, வெள்ளி

அல்மைராவிடம் சொன்னேன். சாப்பாட்டுத் தட்டை எடுத்துக்கொண்டு சமையலறைக்குப் போனவள் ராத்திரி முழுக்க வெளியே வரவில்லை.

ஏப்ரல் 17, திங்கள்

நகரசபை. மற்ற விஷயங்களுக்கு முன்னால் எழுந்து நின்று சொல்லிவிட்டேன். வருஷம், பெயர், கயிறு, சட்டை எல்லாவற்றையும். டாலண்ட் மேல் பழியைப் போடவில்லை. சட்டையை மடித்தது என் கைதான். ஜூபல் கிரேனுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்று இரண்டு தடவை சொன்னேன். பதவியை விட்டு விலகும் கடிதத்தை மேஜையில் வைத்தேன்.

யாரும் சத்தம் போடவில்லை. போட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். நாற்காலிகளைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டார்கள், அவ்வளவுதான். போன ஆகஸ்டில் மகளைப் பறிகொடுத்த தச்சர் ஒருவர் அவையில் இருக்கிறார். அவர்தான் எழுந்து, "இந்தாள் போகட்டும். தோண்டுற வேலை நிக்கக் கூடாது" என்றார். ஓட்டெடுத்தார்கள். அதே ஐந்துக்கு நாலு. என்னைத் துப்பிவிட்டு என் திட்டத்தை வைத்துக்கொண்டார்கள். சரிதான்.

வெளியே ஜூபல் நின்றிருந்தார். என் முகத்தைப் பார்க்காமல், "பொத்தானைக்கூடப் போட்டிருந்தியே" என்றார். இத்தனை வருஷத்தில் முதல்முறையாக என்னை ஒருமையில் பேசினார்.

ஏப்ரல் 22, சனி

குன்றின் மேலே புதைத்தார்கள். மிஸ் ஆர்கட் வரச் சொல்லியிருந்ததால் போனேன், தள்ளி நின்றேன். சட்டையை விரித்து, அதன் மேல் எலும்புகளை ஒவ்வொன்றாக வைக்கச் சொன்னார். கோணல் கையை மட்டும் அவரே வைத்தார். மண் மூடியதும் ஆறு சிப்பிகளை வளைத்து வைத்தார். ஆறு. நான் எண்ணினேன். ஏழாவதற்கு இடம் விட்டிருந்தார்.

ஜூன் 19, திங்கள்

புதுசாக ஒரு இளம் டாக்டர் வந்திருக்கிறார், ஹில்லியரின் ஹோட்டலில் தங்கியிருக்கிறார். முழு ஊரும் அங்கேதான் போகிறது. அல்மைரா என்னோடு பேசத் தொடங்கியிருக்கிறாள், உப்பு வேண்டுமா, கதவைச் சாத்தவா என்ற அளவுக்கு.

ஆகஸ்ட் 31, வியாழன்

மாதம் முடிந்தது. கீழ்த்தெருவில் இரண்டு குழந்தைகளுக்குக் காய்ச்சல் வந்து இரண்டும் பிழைத்துவிட்டன. சிறிய பெட்டி எதுவும் குன்றுக்குப் போகவில்லை. இதை எழுதிவிட்டு அந்த வரியையே கொஞ்சநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

காலையில் குன்றுக்குப் போயிருந்தேன். ஈனக்கின் மேட்டில் புல் பிடித்துவிட்டது. சிப்பிகள் வைத்தபடியே இருக்கின்றன, ஒன்றும் கலையவில்லை. எண்ணினேன். மறுபடி விரல் வைத்து எண்ணினேன். ஏழு. விட்டிருந்த இடத்தில் ஒரு பழைய சிப்பி, குறுக்கே விரிசலோடு, மிதிபட்டுக் கழன்ற ஓரத்தோடு இருக்கிறது. நான் தொடவில்லை.

பத்து மணிக்கு முன்னறைக் கதவு திறந்தது. ஏப்ரலுக்குப் பிறகு அந்தக் கதவை நோயாளி யாரும் திறக்கவில்லை. மிஸ் ஆர்கட். காலி அலமாரிக்கு எதிரே தன் நாற்காலியில் உட்கார்ந்தார்.

"மேல ஏழு இருக்கு" என்றேன்.

"நான் ஆறுதானே வெச்சேன்." என்னைப் பார்த்தார். "நீங்க வெச்சீங்களா?"

"இல்லை."

"ம்" என்றார். அலமாரியின் கதவு லேசாகத் திறந்திருந்தது. எழுந்துபோய்ச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தார்.

"டாக்டர், இன்னிக்கு நெஜமாவே தலை வலிக்குது."

"எந்தப் பக்கம்?"

யோசித்து, இடது பொட்டில் விரலை வைத்துக் காட்டினார். நாடி பார்த்தேன், கண்ணைப் பார்த்தேன். சர்க்கரை கலக்காத பொடியை நிறுத்து மடித்துக் கொடுத்தேன்.